வதன் முதல் தினக்கூலி வரை: அரசுப் பணிக்காக அம்பேத்கர் நடத்திய நெடிய வழக்கு

1945 ஏப்ரலில், வைசிராயின் நிர்வாகக் குழுவில் தொழிலாளர் துறை உறுப்பினராக இருந்த பி.ஆர். அம்பேத்கரின் ஆலோசனைப்படி, நாட்டின் ஆற்று வளங்களுக்குத் திட்டம் வகுக்க ஓர் ஆணையம் அமைக்கப்பட்டது. அன்று அதற்கு நீளமான வேறொரு பெயர். இன்று அது மத்திய நீர் ஆணையம். ஏறத்தாழ எண்பது ஆண்டுகளுக்குப் பின், 2024 டிசம்பர் 20ஆம் நாள், அந்த ஆணையம் தொடர்பான ஒரு வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. வழக்கைத் தொடுத்தவர்கள் ஆணையத்தின் அலுவலகத்தைப் பெருக்கித் துடைத்த துப்புரவுப் பெண்களும், தோட்ட வேலை பார்த்த மற்றொருவரும். 1993 தொடங்கி 2004க்குள் ஒவ்வொருவராகப் பணிக்கு வந்தவர்கள். பணி நிரந்தரம் கேட்டுத் தீர்ப்பாயம் சென்றார்கள், தோற்றார்கள், தோற்ற சில மாதங்களில், 2018இல், முன்னறிவிப்பு ஏதுமின்றி வெளியே அனுப்பப்பட்டார்கள்.

அம்பேத்கர் தோற்றுவித்த ஓர் அரசு நிறுவனம், துடைப்பம் பிடித்த பெண்களை இருபது ஆண்டுகளுக்கும் மேலாகத் தற்காலிகம் என்றே வைத்திருந்தது. இதைத் தற்செயல் என்று தள்ளிவிட முடியவில்லை. அவருடைய வாழ்க்கையை நாம் பெரும்பாலும் அரசமைப்புச் சட்டத்தை நோக்கிச் செல்லும் ஒரே நேர்க்கோடாகப் படிக்கிறோம். தொழிலாளர் வழக்குகளை நடத்துகிறவன் என்ற முறையில் எனக்கு அந்த வாழ்க்கையில் வேறொரு கோடும் தெரிகிறது. தலித் ஒருவர் அரசுக்காகச் செய்யும் உழைப்பு, கூலியும் நேரமும் உரிமையும் உடைய வேலையா, அல்லது பிறப்பால் தலையில் விழும் ஊழியமா? இளமை முதல் இறுதி வரை அவர் இந்தக் கேள்வியை விட்டு விலகவே இல்லை.

1891 ஏப்ரல் 14ஆம் நாள் மாவ் படைமுகாமில் அவர் பிறந்தபோது, தந்தை ராம்ஜி சக்பால் ராணுவத்தில் சுபேதார். படைப்பள்ளி ஒன்றின் தலைமையாசிரியர். மகார் சாதியினருக்குக் கிராமத்தை விட்டு வெளியேற அன்று திறந்திருந்த மிகச் சில கதவுகளில் ஒன்று ராணுவம். மாதச் சம்பளம், பிள்ளைகளுக்குப் படிப்பு, வயதான காலத்தில் ஓய்வூதியம் ஆகிய மூன்றும் அங்கே கிடைத்தன. அம்பேத்கர் கைக்குழந்தையாக இருந்த 1890களின் தொடக்கத்திலேயே மகார்களைப் படையில் சேர்ப்பதைப் பிரிட்டிஷ் அரசு நிறுத்திவிட்டது. நிலையான அரசு வேலை ஒரு சமூகத்துக்கு என்னவெல்லாம் தரும் என்பதைத் தந்தையின் வாழ்விலும், அது பறிபோனால் என்னவாகும் என்பதைச் சுற்றத்தின் வாழ்விலும் கண்டு வளர்ந்தவர் அவர்.

பரோடா நிகழ்வு எல்லோரும் அறிந்தது. சமஸ்தானத்தின் உதவித்தொகையில் கொலம்பியாவில் படித்ததற்கு ஈடாக, ஒப்பந்தப்படி அங்கே உயர் பதவியில் சேர்ந்தார். அலுவலக ஏவலர்கள் கோப்புகளைத் தொலைவிலிருந்து வீசினார்கள். தங்க இடம் கிடைக்கவில்லை. பார்சி விடுதியிலிருந்தும் துரத்தப்பட்டு, சேர்ந்த சில நாள்களிலேயே பம்பாய் திரும்பினார். பதவி ஆணை கையில் இருந்தால் மட்டும் பதவியில் இருந்துவிட முடியாது என்ற பாடத்தை 1917இலேயே அவர் கற்றுக்கொண்டார்.

ஆனால் நமது கேள்விக்கு நேரடியாக வருவது 1928ஆம் ஆண்டின் வதன் மசோதா. பள்ளிப் பாடநூல்களில் இதற்கு ஒரு வரிகூட ஒதுக்கப்படுவதில்லை என்பது எனக்கு நெடுநாளைய மனக்குறை.

மகாராட்டிரக் கிராமங்களில் மகார்கள் அரசின் கடைநிலைப் பரம்பரை ஊழியர்கள். அதிகாரிகள் வந்தால் உடன் ஓடுவது, செய்தி கொண்டுசெல்வது, வசூலான வரிப்பணத்துக்குக் காவலாகச் செல்வது, எல்லைகளைக் காப்பது ஆகியவை அவர்கள் கடமை. இரவு, பகல் கணக்கில்லை. குடும்பத் தலைவன் இல்லையென்றால் மகன் போக வேண்டும். மகனும் இல்லையென்றால் வீட்டில் இருக்கும் வேறு யாரேனும் போக வேண்டும். ஊதியமாக அரசு கொடுத்தது வதன் எனப்பட்ட சிறு மானிய நிலம். தலைமுறைதோறும் பங்கு பிரிந்து அது துண்டுத் துண்டாகிப் போயிருந்தது. மீதியைப் பலுத்தா என்ற பெயரில் ஊர்க்குடியானவர்களிடமிருந்து தானியமாக வாங்கிக்கொள்ள வேண்டும். அதாவது வேலை வாங்குவது அரசு, கூலி கொடுப்பது ஊர். செத்த மாட்டைத் தூக்க மறுத்தாலோ, நல்ல துணி உடுத்தினாலோ, பிள்ளையைப் பள்ளிக்கு அனுப்பினாலோ ஊர் தானியத்தை நிறுத்திவிடும். அரசு கைகட்டி நிற்கும்.

1928 மார்ச்சில் பம்பாய் சட்டமன்றத்தில், 1874ஆம் ஆண்டின் பரம்பரைப் பதவிகள் சட்டத்தைத் திருத்த அம்பேத்கர் மசோதா கொண்டுவந்தார். வதனை விட்டொழிக்க விரும்புவோர் முழு நிலவரியைக் கட்டி நிலத்தைத் தமதாக்கிக்கொண்டு ஊழியத்திலிருந்து விடுபடலாம். தொடர விரும்புவோருக்குத் தானியத்துக்குப் பதிலாகப் பணமாக ஊதியம் தரப்பட வேண்டும். அதற்கான வரியை நிலவரியோடு அரசே வசூலிக்க வேண்டும். இன்னின்ன கடமைகள்தாம் என்று வரையறுக்கவும் வேண்டும். அவர் கேட்டது இவ்வளவே. அரசு தரப்பும் ஆதிக்க சாதி உறுப்பினர்களும் எதிர்த்தார்கள். தேர்வுக் குழுவுக்குச் சென்ற மசோதாவை மறு ஆண்டே அவர் திரும்பப் பெற நேர்ந்தது.

சட்டம் பயிலும் மாணவர்கள் இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும். வதன் தற்காலிகமானது அல்ல. அதைவிட நிரந்தரமான வேலை உலகில் இருக்க முடியாது, தந்தையிடமிருந்து மகனுக்கு வருவது. அம்பேத்கர் எதிர்த்தது அந்த நிரந்தரத்தைத்தான். கடமையில் நிரந்தரமும் உரிமையில் வெறுமையும் என்ற ஏற்பாட்டை அவர் உடைக்க முயன்றார். இன்று மாநகராட்சிகளில் தினக்கூலியாக இருக்கும் தூய்மைப் பணியாளரைப் பாருங்கள். தாத்தாவும் தந்தையும் அதே வேலை. பெயரளவில் மட்டும் ஒவ்வோர் ஒப்பந்தத்திலும் புதிய ஆள். வேலை வாங்குவது நகராட்சி, கூலி கொடுப்பது ஒப்பந்ததாரர். வதன் முறையிலும் பொறுப்பு இப்படித்தான் இரண்டு கைகளுக்கு இடையில் நழுவிற்று.

1930களில் அவர் நேரடியாகத் தொழிலாளர் இயக்கத்துக்குள் வந்தார். பம்பாய் நகராட்சித் தொழிலாளருக்கான முனிசிபல் காம்கார் சங்கத்துக்குத் தலைமை ஏற்றார். 1936 ஆகஸ்டில் சுதந்திரத் தொழிலாளர் கட்சியைத் தொடங்கினார். பஞ்சாலைகளின் நெசவுப் பிரிவில் தலித்துகள் அனுமதிக்கப்படுவதில்லை என்பதை 1928 வேலைநிறுத்தக் காலத்திலேயே அவர் எழுப்பியிருந்தார். நூலை வாயால் ஈரப்படுத்த வேண்டியிருந்ததால் தீட்டு என்பது காரணம். கூலி அதிகமான பிரிவும் அதுவே.

1938 பிப்ரவரியில் மன்மாடில் நடந்த ரயில்வே தாழ்த்தப்பட்ட வகுப்புத் தொழிலாளர் மாநாட்டில் அவர் ஆற்றிய தலைமையுரையை, பார்ப்பனியம், முதலாளியம் என்ற இரு எதிரிகளைச் சுட்டியதற்காக நாம் நினைவில் வைத்திருக்கிறோம். அதன் மறுபாதியைப் பலர் படிப்பதில்லை. அங்கே அவர் ஒரு வழக்கறிஞரைப்போல ரயில்வேயின் ஒவ்வொரு பணிப்பிரிவாகச் சாட்சியம் அடுக்கினார். தலித் தொழிலாளர்களில் மிகப் பெரும்பாலோர் தண்டவாளப் பராமரிப்பில் கேங்மேன்கள். ஆண்டுக்கணக்கில் உழைத்தும் உயர்வில்லை. ரயில் நிலையப் போர்ட்டராகக்கூட ஆக முடியாது. ஏனெனில் போர்ட்டர் நிலைய அதிகாரியின் வீட்டு வேலையும் பார்ப்பவர், தீண்டத்தகாதவரை வீட்டுக்குள் விட முடியாதே! எழுத்தர் வேலைக்கு மற்றவர்களிடம் கேட்கப்படாத தகுதிகள் அவர்களிடம் மட்டும் கேட்கப்படும். பணிமனைகளில் கைவினைஞராக எடுக்கமாட்டார்கள், கூலியாகவே இருக்கலாம். இவற்றைப் பற்றித் தொழிற்சங்கங்கள் வாய் திறப்பதில்லை என்பதையும் அவர் மறைக்கவில்லை. ஒரு பணியிடத்தின் பெயருக்குப் பின்னால் சாதி எப்படி வேலை செய்கிறது என்பதை இவ்வளவு துல்லியமாக ஆராய்ந்த உரை அக்காலத்தில் வேறு இருந்ததாக எனக்குத் தெரியவில்லை.

அதே ஆண்டு பம்பாய் அரசு, வேலைநிறுத்தத்துக்குத் தண்டனை விதிக்கும் தொழில் தகராறு மசோதாவைக் கொண்டுவந்தபோது, வேலையை விட்டு நிற்கும் உரிமையைப் பறிப்பது தொழிலாளியை அடிமையாக்குவதே என்று சட்டமன்றத்தில் வாதிட்டார். நவம்பர் 7ஆம் நாள் கம்யூனிஸ்டுகளோடு சேர்ந்து ஒருநாள் வேலைநிறுத்தம் நடத்தினார். தமக்குக் கருத்து வேற்றுமை உள்ளவர்களோடும் தொழிலாளர் பிரச்சினையில் அவர் கைகோத்தார் என்பது, இன்று தனித்தனிக் கொடிகளின்கீழ் நிற்கும் நமக்குக் கொஞ்சம் உறைக்க வேண்டும்.

1942 ஜூலையில் வைசிராயின் நிர்வாகக் குழுவில் தொழிலாளர் துறை அவரிடம் வந்தது. ஆகஸ்டில் அரசு, முதலாளிகள், தொழிலாளர் ஆகிய முத்தரப்பும் அமரும் மாநாட்டுக்குத் தலைமை தாங்கினார். அந்த ஆண்டே பட்டியல் சாதியினரின் குறைகளைத் தொகுத்து வைசிராயிடம் மனு அளித்தார். 1943இல் மத்திய அரசுப் பணிகளில் எட்டே மூன்றில் ஒரு விழுக்காடு இடம் ஒதுக்கப்பட்டது. 1946இல் அது பன்னிரண்டரை ஆயிற்று. போர் முடியும் தறுவாயில் வேலைவாய்ப்பு அலுவலகங்களின் அமைப்பு அவர் துறையின்கீழ்ப் பிறந்தது. பிற்காலத்தில், வேலைவாய்ப்பு அலுவலகம் வழியாக வராதவர் என்ற ஒரே காரணத்தைக் காட்டி எத்தனையோ தினக்கூலிகளின் மனுக்கள் தள்ளுபடியாயின என்பது வேறு கதை.

அவருடைய பதவிக்காலத்தைப் புகழ்ந்து மட்டும் எழுதுவது நேர்மையாகாது. போர்க்கால நிலக்கரித் தேவையைக் காட்டி, பெண்களைச் சுரங்கத்துக்குள் இறக்குவதற்கிருந்த தடை 1943இல் விலக்கப்பட்டது. அதைச் சட்டமன்றத்தில் நியாயப்படுத்தியவர் அவரே. ஆணுக்கும் பெண்ணுக்கும் ஒரே வேலைக்கு ஒரே கூலி என்பதை அங்கே உறுதிசெய்ததாக அவர் சுட்டிக்காட்டினார். 1946இல் தடை மீண்டும் வந்தது. இருந்தும் அது ஒரு பின்வாங்கல்தான்.

1946 ஏப்ரலில் நிறைவேறிய தொழில் நிறுவன வேலைவாய்ப்பு நிலையாணைகள் சட்டம் அவர் துறை தந்தவற்றில் தற்காலிகப் பணியாளருக்கு மிக நெருக்கமானது. அதற்கு முன் பெரும்பாலான ஆலைகளில் வேலை நிபந்தனை என்பது மேஸ்திரியின் வாய்ச்சொல்தான். நூறு பேரோ அதற்கு மேலோ வேலை செய்யும் நிறுவனங்கள் தம் நிபந்தனைகளை எழுதி, அரசு அதிகாரியிடம் சான்று பெற்று, தொழிலாளர் கண்ணில் படும்படி வைக்க வேண்டும் என்றது சட்டம். எழுத வேண்டியவற்றின் பட்டியலில் முதலாவதாக இருந்தது தொழிலாளர் வகைப்பாடு: யார் நிரந்தரம், யார் தற்காலிகம், யார் தகுதிகாண் பருவத்தினர், யார் பதிலி. அச்சட்டத்தையொட்டி வந்த மாதிரி நிலையாணைகள் தற்காலிகத் தொழிலாளரை எப்படி வரையறுத்தன என்பதுதான் முக்கியம். வேலையின் தன்மையே தற்காலிகமாக இருந்து, குறிப்பிட்ட காலத்துக்குள் முடிந்துவிடக்கூடியதாக இருந்தால், அதைச் செய்பவர் தற்காலிகத் தொழிலாளர். அதாவது ஆளின்மேல் ஒட்டப்படும் சீட்டைப் பார்க்காதே, செய்யப்படும் வேலையைப் பார்.

சில ஆண்டுகளுக்கு முன் ஓர் உள்ளாட்சி அமைப்புக்கு எதிரான வழக்கில், பதினான்கு ஆண்டுகள் குப்பை அள்ளிய ஒரு பெண்ணுக்காக வாதிட்டேன். அந்தப் பணி தற்காலிகத் தன்மை உடையது என்று எதிர்மனுவில் எழுதியிருந்தார்கள். ஊரில் குப்பை விழுவது என்றைக்கு நிற்கும் என்று அவர் என்னைக் கேட்டார். மாதிரி நிலையாணையின் வரையறையை அதைவிடச் சுருக்கமாக யாரும் எனக்கு விளக்கியதில்லை.

அச்சட்டத்தின் குறைகளும் தெரிந்தவையே. நிபந்தனை நியாயமானதா என்று ஆராயும் அதிகாரம் சான்றளிக்கும் அதிகாரிக்கு முதலில் இல்லை. 1956ஆம் ஆண்டுத் திருத்தத்தில்தான் வந்தது. தற்காலிகம் எத்தனை நாளில் நிரந்தரமாகும் என்று சட்டம் சொல்லவில்லை; அந்த இடைவெளியைத்தான் தமிழ்நாடு 1981இல் தனிச் சட்டம் இயற்றி, இருபத்து நான்கு மாதங்களில் 480 நாள் என்று நிரப்பியது. அரசின் அலுவலகங்களும் பெரும்பாலான உள்ளாட்சிப் பணிகளும் நிலையாணைகளின் வரம்புக்கு வெளியிலேயே நின்றன. 2020ஆம் ஆண்டின் தொழில் உறவுச் சட்டத்தொகுப்பு நூறு என்ற வரம்பை முந்நூறு ஆக்கிவிட்டது.

1947இல் அரசமைப்பு அவைக்கென அவர் எழுதிய மாநிலங்களும் சிறுபான்மையினரும் என்ற மனுவில் ஒரு வாதம் வருகிறது. வேலையற்றவனிடம் ஏதோவொரு கூலிக்கு, நேர வரம்பில்லாத ஏதோவொரு வேலையை நீட்டி, சங்கம் சேராதே, பேசாதே என்று நிபந்தனை போட்டால் அவன் வேலையையே எடுத்துக்கொள்வான். பட்டினிக்கு அஞ்சுபவனுக்கு அடிப்படை உரிமைகளைத் துறப்பது பெரிதல்ல என்பது அதன் சாரம். ஒவ்வொரு மாத இறுதியிலும் ஒப்பந்தம் புதுப்பிக்கப்படுமா என்று காத்திருப்பவரின் நிலை இதுதான். உரிமை மறுக்கப்படவில்லை, கேட்கும் துணிவு மட்டும் முன்கூட்டியே பறிக்கப்பட்டுவிடுகிறது.

1948 நவம்பர் 30ஆம் நாள், இன்றைய 16ஆம் பிரிவாகிய பொது வேலைவாய்ப்பில் சம வாய்ப்பு அவையில் விவாதிக்கப்பட்டது. அதுவரை ஆட்சி நிர்வாகம் ஒருசில சமூகங்களின் பிடியில் இருந்துவந்தது, வெளியே நிறுத்தப்பட்டவர்கள் உள்ளே வர வழி வேண்டும், அதே வேளையில் சம வாய்ப்பு என்ற பொது விதியும் அழிந்துவிடக் கூடாது என்று இரண்டையும் இணைத்து அவர் விளக்கினார். பூட்டிய கதவைத் திறப்பதற்காகவே அந்தப் பிரிவு எழுதப்பட்டது.

2006 ஏப்ரல் 10ஆம் நாள் உமாதேவி வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு அதே பிரிவை மறுபக்கத்திலிருந்து படித்தது. திறந்த போட்டியின்றி உள்ளே வந்தவர்களை நிரந்தரமாக்குவது, வெளியே காத்திருப்போரின் சம வாய்ப்பைப் பறிக்கும் என்றது. ஒப்பளிக்கப்பட்ட காலிப் பணியிடத்தில், உரிய தகுதியோடு, நீதிமன்ற ஆணையின் துணையின்றிப் பத்தாண்டு பணியாற்றியவர்களை மட்டும் ஒருமுறை வரன்முறை செய்யலாம் என விலக்களித்தது. கொல்லைப்புற நியமனம் என்ற கேடு உண்மையானதுதான். சிபாரிசு உள்ளவர்கள் தற்காலிகமாக நுழைந்து எழுத்தராக நிலைபெறுவதைத் தலித் பட்டதாரிகள் எத்தனையோ முறை பார்த்து நின்றிருக்கிறார்கள். இடஒதுக்கீட்டைக் காக்கும் தீர்ப்பு என்று அதை வரவேற்ற நண்பர்களும் எனக்கு உண்டு. ஆனால் கழிவறை கழுவும் வேலைக்கு எந்த வரிசை நின்றது? அங்கே கொல்லைப்புறத்தைத் தவிர வேறு வாசலை யாரும் வைத்ததே இல்லை. அந்தப் பணிகள் ஒப்பந்ததாரர் கைக்குப் போகும்போது நிரந்தரப் பணியிடம் ஒழிகிறது. பணியிடத்தோடு இனச்சுழற்சியும் ஒழிகிறது.

தீர்ப்பின் கடுமை முதலில் தளர்ந்தது அம்பேத்கரின் மாநிலத்தில். 2009இல் மகாராட்டிர அரசுப் போக்குவரத்துக் கழகத்தின் பேருந்துகளைக் கழுவிய தற்காலிகத் தொழிலாளருக்காக, பட்டியல் சாதி, பழங்குடி ஊழியர்களின் காஸ்ட்ரைப் சங்கம் நடத்திய வழக்கு அது. நிரந்தரத் தகுதியை மறுக்கும் நோக்கோடு ஆண்டுக்கணக்கில் தற்காலிகமாக வைத்திருப்பது நியாயமற்ற தொழில் நடைமுறை. அதற்குப் பரிகாரம் தரும் தொழிலாளர் நீதிமன்றங்களின் அதிகாரத்தை உமாதேவி தீர்ப்பு பறிக்கவில்லை என்றது உச்ச நீதிமன்றம். தொழில் தகராறுகள் சட்டத்தின் ஐந்தாம் அட்டவணையும் இதே நடைமுறையைக் குற்றமாகவே பார்த்தது. பணி நிரந்தரம் கோருவோர் நேரே ரிட் மனுவோடு உயர் நீதிமன்றம் ஓடுவதற்கு முன், இந்த வழியைத் தம் வழக்கறிஞரிடம் கேட்டுப் பார்ப்பது நல்லது. 2016இல் ஜக்ஜித் சிங் வழக்கில், ஒரே பணியைச் செய்யும் தற்காலிகப் பணியாளருக்கும் நிரந்தரப் பணியாளரின் ஊதிய விகிதத்தில் குறைந்தபட்சம் தரப்பட வேண்டும் என்று தீர்ப்பானது.

1956 டிசம்பர் 6ஆம் நாள் அம்பேத்கர் டெல்லியில் மறைந்தார். இடையே வதன் ஊழியர்களுக்காக மாநாடுகள் கூட்டினார், மறுபடியும் மசோதா கொண்டுவந்தார், எதுவும் கனியவில்லை. கடைநிலைக் கிராம வதன்களை ஒழிக்கும் சட்டத்தைப் பம்பாய் மாநிலம் 1958இல்தான் இயற்றியது. முதல் மசோதாவுக்கும் அதற்கும் இடையே முப்பது ஆண்டுகள்.

மத்திய நீர் ஆணையத்தின் துப்புரவுப் பெண்கள் வழக்கைக் கேட்ட இரு நீதிபதிகளில் ஒருவர் பிரசன்ன பி. வராலே, அவருடைய பாட்டனார் அம்பேத்கரோடு நெருங்கிப் பணியாற்றியவர். உமாதேவி தீர்ப்பை நெடுநாள் உழைத்தவர்களுக்கு எதிரான ஆயுதமாக அரசுத் துறைகள் பயன்படுத்துவதை அந்த அமர்வு கண்டித்தது. அவர்கள் செய்தது அன்றாடம் தேவைப்படும், நிலையான பணி என்று கண்டது. பணிநீக்கத்தை ரத்துசெய்து, உடனே வரன்முறைப்படுத்த ஆணையிட்டது. வெளியே நின்ற காலம் பணித் தொடர்ச்சியாகக் கணக்கிடப்படும். ஓய்வுக்காலப் பயன்களுக்கு அது சேரும். ஆனால் 2018 அக்டோபர் முதல் வேலையின்றி இருந்த அந்த ஆறு ஆண்டுகளுக்கு ஊதியம் கிடையாது.